துடைக்கப்பட்ட உள்ளங்கை

பழைய படச்சுருள் கெட்டுப்போகத் தொடங்கினால் வினாகிரி மணக்கும். சமையலுக்கு ஊற்றும் வினாகிரி அல்ல. போத்தலின் அடியில் வருடக்கணக்காகக் கிடந்து நாறிப்போன ஒன்று. தகர மூடியைத் திறந்ததும் அது மூக்கில் அடிக்காது, நேரே தொண்டைக்குள் இறங்கி அங்கேயே நிற்கும். பிறகு என்ன சாப்பிட்டாலும் அதன் ருசிதான். மொன்றியலில் நான் செய்த இரண்டாவது வேலை முழுவதும் இந்த மணத்தோடு கழிந்தது.

முதல் வேலையும் அதே இடத்தில்தான். பழைய படங்களை மட்டும் போடுகிற ஒரு சிறிய திரையரங்கு. அதைக் கூட்டித் துடைப்பவளாகச் சேர்ந்தேன். குளிர்காலத்தில் வருகிறவர்களின் சப்பாத்துகளில் ஒட்டிய உப்பும் சேற்றுப் பனியும் கம்பளத்தில் உருகி ஊறிக் கிடக்கும். ஆசனங்களுக்குக் கீழே வெண்ணெய் பிசுபிசுக்கும் சோளப்பொரி, மூக்குத் துடைத்த காகிதங்கள், ஒருநாள் யாரோ கழற்றி வைத்துவிட்டுப் போன ஈரக் காலுறை. குனிந்து இவற்றைப் பொறுக்கும்போதெல்லாம், கலை பார்க்க வருகிறவர்கள் எவ்வளவு அழுக்கானவர்கள் என்று நினைத்துக்கொள்வேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. மட்டக்களப்பிலிருந்து நானும் கணவரும் அகதிகளாக வந்து ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. மொன்றியலை ஒட்டிய லாசாலில் இரண்டு அறை வீடு. கணவர் கோழி வெட்டிப் பெட்டியில் அடைக்கும் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். நான் சுருள்களோடு வேலை செய்யத் தொடங்கிய பிறகு, அவரில் கோழி மணம், என்னில் வினாகிரி மணம். இரண்டு பேரும் ஒன்றாக பஸ்ஸில் ஏறினால் பக்கத்து ஆசனம் காலியாகவே இருக்கும். அவர் அதைச் சொல்லிச் சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

வேலை மாறியது ஒரு தற்செயலால். படம் ஓட்டும் அறையைக் கூட்டும்போது தரையில் கிடந்த ஒரு துண்டுப் படச்சுருளை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். அப்போது திரையரங்கின் பொறுப்பாளர் உள்ளே வந்தார். ஐம்பது வயதுக்காரர், எப்போதும் கழுத்தில் ஒரு சால்வை, கையில் ஏதாவது தின்பண்டம். நான் சுருளை விளிம்பில் மட்டும் பிடித்திருந்ததைக் கவனித்துவிட்டார். என்னோடு ஆங்கிலத்தில்தான் பேசுவார், மெதுவாக, குழந்தைக்குச் சொல்வதுபோல.

"மதாம், இப்படிப் பிடிக்க உங்களுக்கு யார் சொல்லித்தந்தது?"

"ஊரில் ஸ்டூடியோவில் வேலை செய்தேன்" என்றேன்.

அடுத்த வாரம் என்னை மேல்மாடியில் இருந்த சிறிய அறைக்கு மாற்றினார். நடுவில் ஒளி எரியும் கண்ணாடி பதித்த மேசை, இரண்டு பக்கமும் கையால் சுழற்றும் சக்கரங்கள். வெளியிலிருந்து வருகிற ஒவ்வொரு படத்தையும் ஒரு சக்கரத்திலிருந்து மற்றதற்குச் சுற்றவேண்டும். வெள்ளைப் பருத்திக் கையுறை போட்ட விரல்களுக்கிடையே சுருளின் விளிம்பை ஓடவிட்டு, எங்கே கிழிந்திருக்கிறது, எங்கே ஒட்டுப் பிரிந்திருக்கிறது, எங்கே கீறல் என்று பார்த்து ஒரு படிவத்தில் எழுதவேண்டும். படம் திரும்பிப் போகும்போது அந்தப் படிவமும் தகரத்துக்குள் போகும். அவ்வளவுதான் வேலை. சத்தம் கிடையாது, கதை கிடையாது. கண்ணாடிமேல் வரிசையாகச் சின்னச் சின்னப் படங்கள் மட்டும்.

ஊரில் நான் செய்தது நெகட்டிவ் திருத்தும் வேலை. ஊசிபோலச் சீவிய பென்சிலால் நெகட்டிவில் முகத்தின் நிழல்களை நிரப்பவேண்டும். நெகட்டிவில் நிரப்பினால் படத்தில் வெளுக்கும். கண்ணுக்குக் கீழே கருவளையம், அம்மைத் தழும்பு, மூக்கோரத்து நிழல், எல்லாம் போய்விடும். கலியாணம் பேசுகிற பெண்களின் படங்கள்தான் அதிகம். பத்து வருடம் நான் நிழலை அழித்துச் சம்பளம் வாங்கினேன். முகத்தில் இருட்டு இருந்தால் அது பிழை என்று என் கைக்கே பழகிவிட்டது.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், அந்த ஜப்பானிய ஒளிப்பதிவாளரின் படங்கள் வந்திறங்கியபோது எனக்கு என்ன ஆனது என்று விளங்கவேண்டும்.

பதினொரு படங்கள் வந்தன. பொறுப்பாளர் ஒரு வருடமாகக் கடிதம் எழுதி வரவழைத்தவை. அவற்றை ஒரு வாரம் தொடர்ந்து திரையிட்டு, கடைசி நாளில் அந்த ஒளிப்பதிவாளரையே மேடையில் ஏற்றுவதாக ஏற்பாடு. எழுபதைக் கடந்தவர், இன்னும் நடமாடுகிறார், வருவதாக ஒப்புக்கொண்டிருக்கிறார். பொறுப்பாளர் அச்சடிக்கப்போகும் சிறு புத்தகத்தின் பிரதியை என் மேசையில் வைத்துவிட்டுப் போனார். அதிலிருந்துதான் ஒளிப்பதிவாளருடைய வாழ்க்கை எனக்குத் தெரியும். கியோட்டோவில் வாள்வீச்சுப் படங்கள் எடுக்கும் ஒரு கூடத்தில் கமரா முக்காலி சுமப்பவராகச் சேர்ந்தார். பல வருடம் மற்றவர்களின் வெளிச்சத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். யுத்தக் காலத்தில் இராணுவத்தோடு சீனாவுக்குப் போய்ச் செய்திப் படங்கள் எடுத்தார். யுத்தம் முடிந்த பிறகு ஏழைக் குடும்பங்களைப் பற்றிய கறுப்பு வெள்ளைப் படங்கள். அவற்றால்தான் உலகத்துக்குத் தெரியவந்தார். வர்ணம் வந்தபோது முகம் சுளித்தார். வெயிலை வெறுத்தார். முகில் மூடும்வரை முழுப் படக்குழுவையும் நாட்கணக்காகக் காக்க வைத்தார். மண் போதுமான அளவு கறுக்கவில்லை என்று தெருவை வாளி வாளியாக நனைக்கச் செய்தார்.

மேசையில் அவருடைய முதல் சுருளைச் சுற்றத் தொடங்கியதும் என் கை நின்றுவிட்டது. ஒரு வீட்டின் உள்ளே ஒரு தாய் இருக்கிறாள். கடதாசிக் கதவின் ஒரு கீற்றிலிருந்து மட்டும் வெளிச்சம் வருகிறது. முகம் முழுவதும் இருட்டு. வெளிச்சம் பின்கழுத்தில் கொஞ்சம் பட்டு, மடியில் விரிந்து கிடக்கும் கையில் விழுந்திருக்கிறது. முகத்தைப் பார்க்காமலே அவள் அழுது முடித்துவிட்டாள் என்று தெரிகிறது. நான் பத்து வருடமாக அழித்த நிழலை இந்த மனிதர் அப்படியே விட்டு வைத்திருந்தார். எனக்கு அழுகை வந்தது. இந்த நாட்டுக்கு வந்தபின் நான் அழுத முதல் தடவை அது. வினாகிரி மணத்தைக்கூட அன்று மறந்துபோனேன்.

அடுத்த பத்து நாட்களும் அப்படித்தான். எந்தப் படத்திலும் அவர் முகத்துக்கு வெளிச்சம் கொடுக்கவில்லை. கைகளுக்குத்தான் கொடுத்தார். அரிசி கழுவும் கை, கடிதத்தை மடிக்கும் கை, இறந்தவனின் பாய்க்கு வெளியே நீண்டு கிடக்கும் கை. எங்காவது ஓரிடத்தில் உள்ளங்கை மேலே பார்த்து விரிந்திருக்கும், அதில் வெளிச்சம் தேங்கியிருக்கும். பொறுப்பாளரின் புத்தகம் அதை 'இருளில் மலரும் கை' என்றது. வீட்டுக்குப் போய்க் கணவரிடம் இதைப்பற்றியே பேசினேன். அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டார்.

"அப்ப முகத்தைக் காட்டாமலே படம் எடுத்தவனா? நம்மட ஸ்டூடியோவில எண்டா காசைத் திருப்பிக் கேட்டிருப்பாங்க."

"உங்களுக்கு விளங்காது" என்றேன்.

கடைசியாகத் திறந்தது ஒரு சின்னத் தகரம். பத்து நிமிடப் படம். மூடியைத் திறந்ததும் கண்ணீர் வந்தது, அவ்வளவு வினாகிரி. ஜன்னலைத் திறந்து வைத்துக் கைக்குட்டையை மூக்கில் கட்டிக்கொண்டு சுற்றினேன். யுத்தக் காலச் செய்திப் படம். சிப்பாய்கள் நடக்கிறார்கள், ஆறு கடக்கிறார்கள், ஒரு கிராமம் புகைகிறது. பிறகு ஒரு வாய்க்கால் கரை. விடியற்காலைப் பனிமூட்டம். முன்னால் நாணல், பின்னால் வரம்பில் சிப்பாய்கள் வரிசையாக நிற்கிறார்கள், நாணலுக்குள் ஒரு கை. உள்ளங்கை மேலே பார்த்து விரிந்து, வெளிச்சம் தேங்கி.

அழகு என்றுதான் முதலில் நினைத்தேன். இதை மறைக்கக்கூடாது. அழகு என்று நினைத்து, இன்னொரு தடவை பார்க்க ஆசைப்பட்டுச் சக்கரத்தைப் பின்னுக்குச் சுற்றினேன். அந்த ஆசையால்தான் மற்றதைக் கண்டேன்.

அதற்கு முந்திய காட்சி அதே கரையைத் தூரத்திலிருந்து காட்டியது. நான்கு உடல்கள். கரையோரம் கிடந்தவள் ஒரு பெண்; முழங்கையில் ஒட்டுப் போட்ட சட்டை, பக்கத்தில் உடைந்த கூடை. அவள் குப்புறக் கிடந்தாள், கை நெஞ்சுக்குக் கீழே மடங்கிச் சேற்றில் புதைந்திருந்தது. அடுத்த காட்சியில் அதே ஒட்டுப் போட்ட சட்டை, அதே கூடை, ஆனால் கை நாணலுக்குள் நீண்டிருந்தது. கூடை ஒரு முழம் தள்ளி வைக்கப்பட்டிருந்தது. உருப்பெருக்கியைக் கண்ணில் வைத்து ஒவ்வொரு படமாகப் பார்த்தேன். சேற்றில் இழுத்த தடம் இருந்தது. முன்கை முழுவதும் சேறு காய்ந்திருந்தது. உள்ளங்கை மட்டும் சுத்தமாக இருந்தது. யாரோ அதைத் துடைத்திருக்கிறார்கள்.

கையுறையைக் கழற்றிவிட்டுக் கழிப்பறைக்குப் போனேன். கைகளைச் சவர்க்காரம் போட்டுக் கழுவினேன். திரும்பி வந்து கதிரையில் இருந்தேன். சுவரோரம் அடுக்கியிருந்த மற்றப் பத்துப் படங்களின் தகரங்களைப் பார்க்கப் பார்க்க அருவருத்தது. அரிசி கழுவும் கை, கடிதம் மடிக்கும் கை, அந்தத் தாயின் மடியில் கிடந்த கை. எல்லாம் இந்தக் கையைப் பார்த்துப் பழகிய கைகள். என்னை அழவைத்தது எது என்று இப்போது தெரிந்துவிட்டது.

பொறுப்பாளரைக் கூப்பிட்டேன். சீஸ் வைத்த பாணைத் தின்றுகொண்டே வந்தார். மேசையில் குனிந்து, மென்றுகொண்டே, நான் காட்டிய இரண்டு படங்களையும் பார்த்தார். ஒரு சீஸ் துணுக்கு ஒளிக்கண்ணாடியில் விழுந்தது, அந்தப் பெண்ணின் முதுகுக்கு மேலே. அதை விரலால் ஒற்றி எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"அற்புதம்" என்றார். "அவருடைய பாணி பிறந்த இடம் இது. யாரும் இதுவரை கவனிக்கவில்லை."

"இறந்தவளின் கையை இழுத்து வைத்திருக்கிறார்" என்றேன்.

"யுத்தம், மதாம். எல்லாருமே ஏதாவது செய்தார்கள்." பிறகு என்னைக் கனிவாகப் பார்த்தார். "உங்கள் நாட்டில் நீங்கள் பார்த்தவைதான் உங்களுக்கு இந்தக் கண்ணைத் தந்திருக்கிறது."

அவர் போன பிறகு அந்த இடத்தைப் பஞ்சால் துடைத்தேன். கொழுப்பு போகவில்லை. மூன்று தரம் துடைத்தேன்.

நான் ஊரில் பார்த்தது என்று அவர் சொன்னது எனக்குள் வேறொன்றைக் கிளறிவிட்டது. ஸ்டூடியோவில் நான் வேலை செய்த கடைசி வருடத்தில் ஒரு தாய் வந்தாள். மகனைத் தெருவோரத்தில் சுட்டுப் போட்டிருந்தார்கள். வீடு எரிந்ததில் அவனுடைய படம் ஒன்றுகூட மிஞ்சவில்லை. முதலாளி போய்ச் செத்த முகத்தைப் படம் பிடித்து வந்திருந்தார். அவள் அந்தப் படத்தை என் முன்னால் வைத்தாள்.

"என்ட மகன்ட கண்ணைத் திறந்து விடு புள்ள" என்றாள். "அவன் என்னைப் பார்க்கிற மாதிரி ஒருக்காப் பார்க்கவேணும்."

இரண்டு நாள் இருந்து தூரிகையால் மூடிய இமைமேல் கண் எழுதினேன். நெற்றிக் காயத்தை அழித்தேன். உதட்டோரம் வீங்கியிருந்ததைச் சரிசெய்தேன். முடித்தபோது அவன் உயிரோடு எவரையோ பார்ப்பதுபோல இருந்தான், எவரை என்று தெரியாமல். தாய் அதை வாங்கி நெஞ்சில் வைத்துக்கொண்டு போனாள். முதலாளி நல்ல வேலை என்றார். எனக்கும் உள்ளுக்குள் பெருமையாக இருந்தது. அந்தப் பெருமை இப்போது அழுகிய பழத்தைக் கடித்ததுபோல வாய்க்குள் வந்தது.

ஒளிப்பதிவாளர் திரையிடல் வாரம் தொடங்குவதற்கு முதல்நாள் மதியம் வந்தார். தன் படத்தின் பிரதி எப்படி இருக்கிறது என்று பார்க்காமல் எந்த ஊரிலும் திரையிட விடமாட்டாராம். மெலிந்த சிறிய மனிதர், சுத்தமாகத் தேய்த்த சாம்பல் நிறக் கோட்டு. கூடவே மொழிபெயர்க்க ஒரு ஜப்பானியப் பெண். இங்கே ஒரு பல்கலைக்கழகத்தில் படிப்பவள், ஆங்கிலம் நன்றாகப் பேசினாள். பொறுப்பாளர் அவர்களை என் அறைக்குக் கூட்டி வந்து, "எங்களுடைய இலங்கை அகதி, தங்கமான கண்" என்று என்னை அறிமுகம் செய்தார். பிறகு தொலைபேசி வந்து கீழே போய்விட்டார்.

கிழவர் மேசையைத் தடவிப் பார்த்தார். சக்கரத்தை ஒரு சுற்றுச் சுற்றி, எண்ணெய் போட்டிருக்கிறது என்று தலையாட்டினார். அந்த மரியாதையான விரல்களைப் பார்க்க எனக்குக் கூசியது. என்ன சொல்வது என்று பத்து நாளாக யோசித்து வைத்திருந்த எதுவும் வரவில்லை. சின்னத் தகரத்தைத் திறந்து, அந்த இரண்டு காட்சிகளும் சேரும் இடத்தைக் கண்ணாடிமேல் வைத்து, உருப்பெருக்கியை அவர் பக்கம் தள்ளினேன்.

அவர் குனிந்தார். நீண்ட நேரம் நிமிரவில்லை. நிமிர்ந்தபோது அவர் முகத்தில் நான் எதிர்பார்த்தது இல்லை. அவர் சந்தோஷப்பட்டிருந்தார்.

"இத்தனை வருடத்தில் இதைக் கண்டுபிடித்த முதல் ஆள் நீங்கள்தானாம்" என்று அந்தப் பெண் மொழிபெயர்த்தாள். அவளுக்கு இன்னும் எதுவும் விளங்கவில்லை. முகத்தில் புன்னகை இருந்தது. "விமர்சகர்கள் எத்தனையோ பேர் எழுதினார்களாம். ஒருவரும் காணவில்லையாம்."

கிழவர் என்னை நோக்கி இடுப்பு வளைய வணங்கினார். ஒரு தொழிலாளி இன்னொரு தொழிலாளியை வணங்குவதுபோல. என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த மிகப் பெரிய மரியாதை அது, அதை எங்கே துடைப்பது என்று தெரியாமல் நின்றேன்.

"கையை இழுத்தது யார் என்று கேளுங்கள்" என்றேன்.

அந்தப் பெண் கேட்டாள். கேட்கும்போது அவள் குரல் மாறியது. கிழவர் தயங்காமல் பதில் சொன்னார்.

"தான்தானாம். உதவியாளுக்குப் பயமாம், தொடமாட்டேன் என்றாராம். அந்த வெளிச்சம் நான்கைந்து நிமிடம்தான் நிற்குமாம். கை விறைத்திருந்ததாம், நேராக்கக் கஷ்டப்பட்டாராம்." அவள் முகத்தில் புன்னகை இப்போது இல்லை. "உள்ளங்கையைத் தன் கைக்குட்டையால் துடைத்தாராம். சேறு வெளிச்சத்தைத் தின்றுவிடுமாம்."

"யார் செய்யச் சொன்னது? இராணுவமா?"

"இல்லையாம். ஒருவரும் சொல்லவில்லையாம். அப்படி வைத்தால் அழகாக இருக்கும் என்று அவருக்குத் தோன்றியதாம்."

அறையில் வினாகிரி மணம் நிரம்பியிருந்தது. கிழவருக்கு அது மணந்ததாகவே தெரியவில்லை. இந்தக் கண்ணை எங்கே பழகினீர்கள் என்று கேட்டார். பதில் சொல்லியிருக்கக்கூடாது. சொன்னேன். நெகட்டிவ் திருத்தியதையும், செத்தவனுக்குக் கண் எழுதியதையும். அந்தப் பெண் தலையைக் குனிந்துகொண்டு மொழிபெயர்த்தாள். கிழவர் மெல்லத் தலையாட்டினார். ஒரு வார்த்தைதான் சொன்னார்.

"அப்படியானால் உங்களுக்குத் தெரியும் என்கிறார்" என்றாள் அவள்.

"அவனுடைய தாய் என்னிடம் கேட்டாள்" என்றேன். "என்னிடம் கேட்டாள் என்று சொல்லுங்கள்."

அவள் சொன்னாளா என்று தெரியாது. ஏதோ சொன்னாள். கிழவர் உருப்பெருக்கியைத் தன் கோட்டு நுனியால் துடைத்து, எடுத்த இடத்திலேயே வைத்தார். அந்த இடத்தில் சுருளில் ஒரு கீறல் இருப்பதாகவும் அதைப் படிவத்தில் குறிக்கும்படியும் கேட்டுக்கொண்டார். வாசலில் இன்னொரு தடவை வணங்கினார். அந்தப் பெண் என்னைப் பார்க்காமலே போனாள்.

அவர்கள் போன பிறகு படிவத்தை எடுத்தேன். கீறலைக் குறித்தேன், அது இருந்தது உண்மை. பிறகு 'குறைபாடுகள்' என்ற பெட்டிக்குள் என் ஆங்கிலத்தில் எழுதினேன்: வாய்க்கால் கரைக் காட்சியில், இறந்த பெண்ணின் கை ஒளிப்பதிவாளரால் இழுத்து நீட்டப்பட்டு உள்ளங்கை துடைக்கப்பட்டுள்ளது, அவரே ஒப்புக்கொண்டார். தேதி போட்டுக் கையெழுத்து வைத்தேன்.

கிழவர் மேடையேறவிருந்த கடைசி நாள் திரையிடலன்று பொறுப்பாளர் அதைப் பார்த்துவிட்டார். படிவத்தோடு மேலே வந்தார். அன்று அவர் கையில் தின்பண்டம் இல்லை.

"இது சுருளின் நிலைமையைப் பற்றி எழுதும் தாள், மதாம். மனிதர்களின் நிலைமையைப் பற்றியது அல்ல. வேறொன்று எழுதித் தாருங்கள்."

"எழுதியது உண்மை."

"உண்மைதான். ஆனால் இது அதற்கான இடமில்லை."

நான் எழுதவில்லை. அவரே என் மேசையில் இருந்து புதிதாக ஒன்று எழுதினார், பழையதை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

படத்தைப் பார்க்க நான் பின்வரிசைக்குப் போனேன். மண்டபம் நிறைந்திருந்தது. வாய்க்கால் கரை வந்தது, கை வந்தது. என் முன்னால் இருந்த ஒருத்தி மூச்சை உள்ளே இழுத்தாள், கணவனின் தோளில் சாய்ந்தாள். விளக்குப் போட்டதும் எழுந்து நின்று கைதட்டினார்கள். பொறுப்பாளர் மேடையில் 'பாணி பிறந்த இடம்' என்றார், எங்கள் திரையரங்கில் ஒரு கூர்மையான கண் அதைக் கண்டுபிடித்தது என்றார். என்ன கண்டுபிடித்தது என்று சொல்லவில்லை. கிழவர் வணங்கிக்கொண்டே இருந்தார். அந்தக் கைதட்டலில் எனக்கும் ஒரு பங்கு வந்து விழுந்தது என்பதைத்தான் என்னால் தாங்கமுடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கணவருக்கு வேலை இல்லை. மத்தியானம் மீன் பொரித்துக்கொண்டே எல்லாவற்றையும் அவரிடம் சொன்னேன். வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தவர் கத்தியை வைத்துவிட்டுக் கேட்டார். நான் முடித்தபோது சொன்னார்.

"கையைத் துடைச்சவனைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறாய். அவளைச் சுட்டது ஆரு?"

அகப்பையை வைத்துவிட்டு அவர் பக்கம் திரும்பினேன்.

"நீயும் கேக்கல்ல, அவங்களும் கேக்கல்ல. அந்தப் பெரிய மனிசனிட்ட வாய்விட்டுக் கேட்டியா, அந்த வரம்பில நிண்டவங்க ஆரெண்டு?"

"இல்லை" என்றேன்.

"அப்ப எல்லாரும் கையைத்தான் பார்த்திருக்கிறீங்க."

மீன் கருகிவிட்டது. அடுப்பை அணைத்தேன். அவரில் எனக்குக் கோபம் வந்தது. சரியானதைச் சொல்கிறவரில் வருகிற கோபம். அன்று இரண்டு பேரும் சோறும் சம்பலும் மட்டும் சாப்பிட்டோம்.

திங்கட்கிழமை சுருள்களைத் திருப்பி அனுப்பத் தயார்செய்யவேண்டியிருந்தது. அந்தச் சின்னத் தகரத்தை மறுபடி திறந்தேன். இந்தத் தடவை கையைப் பார்க்கவில்லை. வரம்பில் நின்ற சிப்பாய்களைப் பார்த்தேன். பதினாறு பேர். கமரா வெளிச்சத்துக்கு எதிரே வைக்கப்பட்டிருந்ததால் ஒருவனுடைய முகமும் தெரியவில்லை. தொப்பி, தோள், துவக்கு, அவ்வளவுதான். ஒரு முகத்திலாவது ஏதாவது பிடிபடுமா என்று மதியம்வரை உருப்பெருக்கியை வைத்துக்கொண்டிருந்தேன். கண்ணாடிச் சூட்டில் சுருள் இன்னும் கூட மணந்தது. ஒன்றும் பிடிபடவில்லை. வெளிச்சம் அப்படி அமைந்ததா, அவர் அப்படி அமைத்தாரா என்று கேட்க அவரும் இல்லை; ஊருக்குத் திரும்பிவிட்டார்.

புதிய படிவம் ஒன்று எடுத்தேன். பழையபடி எழுதினேன். கீழே இன்னொரு வரி சேர்த்தேன்: அதே காட்சியில் நிற்கும் பதினாறு சிப்பாய்களின் முகங்களும் தெரியவில்லை; இவர்கள் யார் என்று கண்டறியப்படவேண்டும். பொறுப்பாளர் எழுதியதற்குக் கீழே அதை வைத்துத் தகரத்தை மூடி, சுற்றிப் பிளாஸ்திரி ஒட்டி அனுப்பினேன்.

இரண்டு மாதம் கழித்து ஜப்பானிலிருந்து கடிதம் வந்தது. பொறுப்பாளர் அதை என்னிடம் நீட்டியபோது கோபமாக இருப்பார் என்று நினைத்தேன். அவர் நிம்மதியாக இருந்தார். மிகவும் பணிவான கடிதம். சுருளைக் கவனமாகப் பரிசோதித்ததற்கு நன்றி, கீறல் குறித்துக்கொள்ளப்பட்டது, தெரிவிக்கப்பட்ட மற்ற விடயங்கள் பிரதிக்கு ஏற்பட்ட சேதம் அல்ல என்பதால் பதிவில் சேர்க்க இயலவில்லை.

"பார்த்தீர்களா" என்றார். "மரியாதையான மனிதர்கள்."

அங்கே இன்னும் இரண்டு வருடம் வேலை செய்தேன். கணவருக்கு வேறு தொழிற்சாலை கிடைத்தது, எங்களுக்கு மகள் பிறந்தாள். அவளைக் கார்தெரியில், குழந்தைகள் காப்பகத்தில், விட்டுவிட்டு வந்து சக்கரத்தைச் சுற்றுவேன். எந்த நாட்டுப் படத்தில் எந்த அழகான காட்சி வந்தாலும், அதற்கு முந்திய காட்சிக்குப் பின்னோக்கிச் சுற்றிப் பார்க்காமல் விட்டதில்லை. பெரும்பாலும் ஒன்றும் இருக்காது. அப்படி ஒன்றும் இல்லாதபோதும் அருவருப்பு மட்டும் இருந்துகொண்டேயிருக்கும், அடுத்த தகரத்துக்காகக் காத்துக்கொண்டு.

பல வருடங்களின் பின் அந்த ஒளிப்பதிவாளர் இறந்த செய்தி பத்திரிகையில் வந்தது. மெத்ரோ ரயிலில் யாரோ ஆசனத்தில் விட்டுவிட்டுப் போன பத்திரிகை. வெளிச்சத்தின் கவி என்று தலைப்புப் போட்டிருந்தார்கள். கைகளைப் பற்றி இரண்டு பத்தி. யுத்தக் காலத்தைப் பற்றி ஒரு வரி: அந்த வருடங்களில் அவர் சீனாவில் பணியாற்றினார். நான் இறங்கவேண்டிய நிலையம் வந்தது. பத்திரிகையை எடுத்த இடத்தில் வைக்க மனம் வரவில்லை. நிலையத்து நடைமேடையில் இருந்த குப்பைத் தொட்டிக்குள் போட்டுவிட்டு வேலைக்குப் போனேன்.